ஒன்பதாயிரத்துக்கு மேலே

காற்று விழுந்த ராத்திரியில்தான் கேட்க முடியும்.
ஆனியிலும் ஆடியிலும் ஆரல்வாய்மொழியில்
கதவிடுக்கு, ஓட்டிடுக்கு, தண்ணீர்த் தொட்டியின் மூடி,
எல்லாவற்றுக்கும் ஒரு வாய் முளைத்துவிடும்.
ஐப்பசி பிறந்து கணவாய் மூச்சை அடக்கும்போது
காற்றாலைகள் போட்டது போட்டபடி நிற்கும்.
கம்பெனிக்கு நட்டம்.
எனக்குப் பதினொரு பாட்டு.

ஒரே ஒரு ஆல்பம், இறங்க இரண்டு மணி நேரம்.
இருபத்து நான்கு பிட்,
நூற்றுத் தொண்ணூற்றிரண்டு கிலோஹெர்ட்ஸ்,
ஸ்டுடியோவில் பிடித்தது ஒரு துளி சிந்தாமல்: லாஸ்லெஸ்.
"லாஸ் இல்லைன்னா, யாருக்கு?" என்றாள் விஜிலா.
சீட்டுப் பணம் முப்பத்தெட்டாயிரம்
ஒரு ஹெட்போனாகவும் தீப்பெட்டி அளவு டிஏசியாகவும்
மேசைமேல் கிடந்தது.
நான் வயரைச் சிக்கெடுத்துக்கொண்டிருந்தேன்.

பாடகிக்கு இருபத்திரண்டு வயசு இருக்கும்.
பாட்டெல்லாம் ஒரே காரியம்:
ஒரு பையன் மெசேஜைப் பார்த்துவிட்டுப்
பதில் போடவில்லை.
மகள் அபிஷா இதையே போனில் போட்டு
போனை எவர்சில்வர் டம்ளருக்குள் இறக்கிவிட்டுப்
பாத்திரம் கழுவுவாள்,
கூடவே பாடுவாள், வரி தப்பாமல்.

எனக்கோ
இரண்டாம் பாட்டில் அவள் தொடங்குமுன்
உதடு பிரிகிற ஈரம் கேட்கிறது.
மூன்றாவதில் பியானோக்காரர்
நாற்காலியில் ஒருச்சாய்ந்து உட்காருகிறார்.
கோரஸுக்குப் பின்னால் இன்னொரு அவள்,
அதற்கும் பின்னால் இன்னொருத்தி;
அந்தக் கடைசிக்காரி
சிரிப்பை அடக்கிக்கொண்டு பாடுகிறாள்.

இனி உள்ளதைச் சொல்லிவிடுகிறேன்.
போன மாசியில் நாகர்கோவிலில்
ஒரு கண்ணாடிக் கூண்டுக்குள் உட்காரவைத்தார்கள்.
சத்தம் கேட்டால் பொத்தானை அழுத்தணும்.
அழுத்தினேன். அழுத்தினேன்.
பிறகு காத்திருந்தேன்.
மெஷின் கெட்டுப்போச்சு போல என்று
கண்ணாடி வழியே அந்தப் பெண்ணைப் பார்த்தேன்.
அவள் விரல் திருகிக்கொண்டேதான் இருந்தது.
பத்தொன்பது வருஷம்
கியர்பாக்ஸுக்கு ஒரு முழம் தள்ளி வைத்திருந்த காது.
ஒன்பதாயிரம் ஹெர்ட்ஸ், அதோடு சரி.
"இந்த வேலைக்கு இது மோசமில்லை சார்"
என்று சீல் குத்தினாள்.

ஆக, நான் காசு கொடுத்து வாங்கியதில்
பத்தில் ஒன்பது பங்கு எனக்கு எட்டாது.
பத்திரம் என் பேரில்;
போய் நிற்கத்தான் வழியில்லை.

விஜிலாவின் தலையில் மாட்டிவிட்டேன்.
எம்பித்ரீ ஒன்று, இது ஒன்று,
எது எதுவென்று சொல்லாமல்.
கண்ணை மூடி, மீன் விலை கேட்கிற முகத்தோடு கேட்டாள்.
"ரெண்டும் ஒண்ணுதான்."
கழற்றும்போது சொன்னாள்:
"நாலாவது பாட்டுல அந்தப் பிள்ளைக்குச் சளி.
அவிய அதோடயே பாட விட்டிருக்காவ."

நாலாவது பாட்டை
நாற்பது தடவையாவது கேட்டிருப்பேன்.
திரும்பப் போட்டேன்.
உள்ளதுதான்.
மெல்லினமெல்லாம் வல்லினமாக வருகிறது.

பிறகு, ஏழாம் பாட்டு,
இரண்டு நிமிடம் பதினான்கு நொடி.
இந்த ஹெட்போன் முதுகு திறந்த வகை,
சத்தம் வெளியேயும் கசியும்.
கட்டிலடியில் கிடக்கும் நாய்
முதலில் இடது காதை, அப்புறம் வலதைத் தூக்கும்.
நேற்றும் அதே நொடி. முந்தாநாளும்.
எனக்கு அங்கே ஒன்றுமில்லை,
டிரம்ஸ் நின்று அவள் இன்னும் தொடங்காத இடம்.
யாரோ அணைக்க மறந்த டியூப்லைட்டின் கீச்சோ,
என்ன எழவோ.
டைரியில் 2.14 என்று மட்டும் எழுதி
அடிக்கோடு போட்டு வைத்திருக்கிறேன்.

இன்றைக்கும் காற்று இல்லை.
ஜன்னலுக்கு வெளியே ஒரு காற்றாலை
தலையில் சிவப்பு விளக்கோடு சும்மா நிற்கிறது.
இரண்டு பன்னிரண்டு. இரண்டு பதிமூன்று.
நாய் காதைத் தூக்குகிறது.
நான் கட்டைவிரலை அழுத்துகிறேன்,
கையில் பொத்தான் இல்லாமலே.